வேலையோடு படிப்பு: கையெழுத்துக்கு முன்

கேள்வி: என் மகன் அரசு ஐ.டி.ஐ.யில் ஃபிட்டர் பிரிவு முடித்திருக்கிறான். ஓசூர்ப் பக்கம் ஒரு தொழிற்சாலையில் ஓராண்டுக்கு அப்ரண்டிஸாக எடுத்துக்கொள்வதாகச் சொல்கிறார்கள். பி.எஃப்., இ.எஸ்.ஐ. கிடையாதாம், ஆண்டு முடிந்தால் வேலை தருவோம் என்ற உறுதியும் இல்லையாம். இது ஏமாற்று வேலையா, ஐயா? (வாசகி, தருமபுரி)

பதில்: நீங்கள் சொல்லும் இரண்டு குறைகளை வைத்து மட்டும் ஏமாற்று என்று முடிவுகட்ட முடியாது, அம்மா. 1961-ஆம் ஆண்டின் தொழிற்பழகுநர் சட்டமே, பழகுநர் (அப்ரண்டிஸ்) என்பவர் பயிற்சி பெறுபவர்தான், தொழிலாளி அல்லர் என்று 18-ஆம் பிரிவில் சொல்லிவிடுகிறது, பி.எஃப்., இ.எஸ்.ஐ. இல்லாததற்குக் காரணம் அதுதான். பயிற்சி முடித்தவருக்கு வேலை கொடுத்தே தீர வேண்டும் என்ற கட்டாயமும் அச்சட்டத்தில் இல்லை. ஆனால் 2014-இல் வந்த திருத்தத்துக்குப் பிறகு, பயிற்சி முடித்தவர்களைப் பணியில் சேர்ப்பது பற்றி ஒவ்வொரு நிறுவனமும் தனக்கென ஒரு கொள்கை வகுத்திருக்க வேண்டும். அது என்ன என்று தயங்காமல் கேளுங்கள்.

கவனிக்க வேண்டியது வேறு. அப்ரண்டிஸ் என்ற சொல்லை யார் வேண்டுமானாலும் வாயால் சொல்லலாம். சட்டப்படியான பழகுநருக்கு முறையாகப் பதிவு செய்யப்பட்ட ஒப்பந்தம் இருக்கும். பையனுக்கு 18 வயது நிரம்பவில்லை என்றால், பெற்றோரோ பாதுகாவலரோ அதில் கையெழுத்திட வேண்டும். ஐ.டி.ஐ. சான்றிதழ் உள்ளவருக்கு மாத உதவித்தொகை குறைந்தது 7,000 ரூபாய் என்று 2019-ஆம் ஆண்டுத் திருத்த விதிகள் வைத்தன. மகன் சேரும் மாதத்தில் நடப்பில் உள்ள தொகை எது என்று பார்த்து, ஒப்பந்தத்தில் அதற்குக் குறைவாக எழுதியிருந்தால் கையெழுத்திட வேண்டாம்.

சேர்ந்த பிறகும் ஒரு கண் வைத்திருங்கள். பழகுநரின் பயிற்சி எப்படிப் போகிறது என்பதற்கு நிறுவனம் பதிவேடு வைத்திருக்க வேண்டும் என்பது சட்டம். மகனிடமும், அன்றன்று செய்த வேலையை ஒரு நோட்டில் ஒரு வரி எழுதச் சொல்லுங்கள். அராவுதல், துளையிடுதல், மரை வெட்டுதல், அளவு பார்த்துப் பொருத்துதல் என்று பக்கங்கள் மாறிக்கொண்டே போனால் பிள்ளை தொழில் கற்கிறான். ஆறு மாதமாக 'பெட்டி அடுக்கினேன்' என்ற ஒரே வரிதான் இருக்கிறது என்றால், கூலி குறைந்த கையாளாக அவனை வைத்திருக்கிறார்கள். அரசின் பழகுநர் ஆலோசகருடைய அனுமதி இல்லாமல் ஓவர்டைம் வாங்கவும் கூடாது. வேலையிடத்தில் விபத்து நேர்ந்தால் இழப்பீடு தர வேண்டியது நிறுவனத்தின் பொறுப்பு.

பயிற்சி முடிவில் நடக்கும் தேர்வை அவன் எழுதாமல் வந்துவிடக் கூடாது. பயிற்சிக் காலம் முடிந்ததும் வேறு வேலைக்கு ஓடிவிட்டு, தேசியத் தொழிற்பழகுநர் சான்றிதழைக் கோட்டை விடும் பிள்ளைகளை நினைத்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது. ரயில்வேயின் கடைநிலையான 'லெவல் 1' பணியிடங்களில் 20 விழுக்காடு, ரயில்வேயிலேயே பழகுநர் பயிற்சியை முழுமையாக முடித்தவர்களுக்கென்று ஒதுக்கப்படுகிறது. அவர்களுக்கும் அந்த வரிசையில் நிற்க இந்தச் சான்றிதழ் கையில் இருக்க வேண்டும்.

கேள்வி: பிளஸ் டூ முடித்த என் தங்கையை ஒரு நூற்பாலையில், விடுதியில் தங்கி வேலை பார்த்துக்கொண்டே பட்டப்படிப்பு படிக்கலாம் என்று அழைக்கிறார்கள். அனுப்பலாமா? (வாசகர், திண்டுக்கல்)

பதில்: மூன்றாண்டு முடிவில் மொத்தமாகப் பணம் தருவதாகச் சொல்லிப் பெண்களைச் சேர்த்த 'சுமங்கலி' திட்டத்தை உங்கள் மாவட்டம் மறந்திருக்காது. ஆகவே சம்பளம் மாதாமாதம் தங்கையின் பெயரிலுள்ள வங்கிக் கணக்குக்கே வருகிறதா என்பதை முதலில் கேளுங்கள். அடுத்து, பட்டம் தரும் பல்கலைக்கழகம் எது, அதன் தொலைநிலைப் படிப்பு இந்த ஆண்டுக்குரிய யு.ஜி.சி. பட்டியலில் இருக்கிறதா என்று பாருங்கள். பொறியியல் பட்டத்தைத் தொலைநிலையில் தர யு.ஜி.சி. அனுமதிப்பதில்லை; அப்படி ஒன்றைத் தருவதாகச் சொன்னால் அந்தப் பேச்சை அத்தோடு விட்டுவிடுங்கள். இரவு ஷிப்ட் முடித்து வருபவருக்கு வகுப்பு எத்தனை மணிக்கு என்பதையும், தேர்வு நாட்களில் விடுப்பு உண்டா என்பதையும் மேலாளரிடம் கேட்பதைவிட, அங்கே ஏற்கெனவே படித்துக்கொண்டிருக்கும் ஒரு பெண்ணிடம் தனியாகக் கேட்பது நல்லது.

கேள்வி: கோவையில் 18 பேர் வேலை செய்யும் லேத் பட்டறை வைத்திருக்கிறேன். நானும் பழகுநர்களை எடுக்கலாமா?

பதில்: எடுக்கலாம். 30 பேரும் அதற்கு மேலும் உள்ள நிறுவனங்களுக்கு அது கட்டாயம். 4 முதல் 29 பேர் வரை உள்ளவர்களுக்கு விருப்பம். ஆள்பலத்தில் 2.5 முதல் 15 விழுக்காடு என்பது வரம்பு என்பதால், உங்கள் பட்டறைக்கு இருவர் வரை வரும். தேசியத் தொழிற்பழகுநர் ஊக்குவிப்புத் திட்டத்தில் பதிவு செய்தால், உதவித்தொகையில் 25 விழுக்காட்டை, மாதம் 1,500 ரூபாய்க்கு மிகாமல், மத்திய அரசு ஏற்கிறது. 2023 முதல் அந்தப் பணம் நேரடியாகப் பழகுநரின் கணக்குக்கே போகிறது. ஆள் எடுக்கும் முன், பட்டறையில் யார் அவர்களுக்குப் பக்கத்தில் நின்று கற்றுத்தரப் போகிறார் என்பதை முடிவு செய்துவிடுங்கள். மும்முரமாக ஆர்டர் ஓடும் மாதத்தில் அதற்கு ஒருவரை ஒதுக்க முடியாது என்றால், இந்த ஆண்டு வேண்டாம்.