இரண்டாம் மாடிக்கு இடிப்பு நோட்டீஸ்: ஸ்டே கிடைக்குமா?

தாம்பரம் பக்கத்திலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். 1,200 சதுர அடி மனை. தரைத்தளம், முதல் தளம் இரண்டுக்கும் பிளான் வாங்கிக் கட்டிய வீடு, தளத்துக்கு 780 சதுர அடி. 2021இல் அனுமதி இல்லாமல் இரண்டாம் மாடி எடுத்தபோது பக்கவாட்டில் மூன்றடி வெளியே நீட்டிவிட்டார்கள், அந்த மாடி மட்டும் 870. பக்கத்து வீட்டுக்காரர் புகார் கொடுக்க, '30 நாளில் அகற்றுங்கள், இல்லாவிட்டால் நாங்களே இடிப்போம்' என்று நோட்டீஸ் வந்துவிட்டது. "மாடிக்கு வீட்டு வரி கட்டுகிறோம், தனி ஈபி மீட்டர் இருக்கிறது, குடித்தனமும் வைத்தாயிற்று. ஸ்டே வாங்க முடியாதா ஐயா?" என்று கேட்கிறார்.

ஸ்டே கிடைக்க வாய்ப்பு இருக்கிறது அம்மா. ஆனால் மாடியைக் காப்பாற்றிக் கொடுங்கள் என்று கேட்டுப் போனால் கிடைக்காது, சரிசெய்ய அவகாசம் கொடுங்கள் என்று போனால் கிடைக்கும்.

வரி ரசீதையும் மீட்டரையும் நம்ப வேண்டாம். வரி வாங்கினார்கள் என்பதால் அனுமதி கொடுத்ததாக ஆகிவிடாது. வருஷம் ஓடிவிட்டது, பணம் போட்டுவிட்டோம், அதிகாரிகள் இத்தனை நாள் சும்மா இருந்தார்கள் என்ற வாதங்கள் எதுவும் விதிமீறலை நியாயப்படுத்தாது என்று மீரட் நகரத்து அனுமதியில்லாக் கட்டட வழக்கில் 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் கறாராகச் சொல்லிவிட்டது. வரைமுறைப்படுத்தலாமே என்று யாராவது சொன்னால், அதற்கான நகர் மற்றும் ஊரமைப்புச் சட்டத்தின் 113-சி பிரிவு 1.7.2007 வரை கட்டிய கட்டடங்களுக்குத்தான். உங்கள் மாடி 2021.

சரி, நோட்டீஸை எடுத்துப் பாருங்கள். தமிழ்நாடு நகர் மற்றும் ஊரமைப்புச் சட்டம் 1971இன் 56ஆம் பிரிவு என்று இருக்கும் (57 என்றால் கட்டிக்கொண்டிருக்கும் வேலையை நிறுத்தச் சொல்வது). நோட்டீஸ் வந்த தபால் கவரையும் பத்திரமாக வையுங்கள், கெடு உங்கள் கைக்குக் கிடைத்த நாளிலிருந்து ஓடுகிறது, அதைக் காட்ட கவரில் இருக்கும் தபால் முத்திரைதான் சாட்சி. ஒரு கட்சிக்காரர் கவரைக் குப்பையில் போட்டுவிட்டு வந்து நின்றார், தேதியை நிரூபிக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

முன்சீப் கோர்ட்டில் இன்ஜங்ஷன் (தடையாணை) கேட்டு வழக்கு போடலாம் என்று பக்கத்தில் யாராவது சொல்வார்கள். போக வேண்டாம். அந்த அதிகார வரம்பைச் சட்டமே அடைத்து வைத்திருக்கிறது, வாதாடிக்கொண்டிருக்கும்போதே 30 நாள் போய்விடும். உங்களுக்கான வழி அதே நகர் மற்றும் ஊரமைப்புச் சட்டத்தின் 80-ஏ பிரிவில் அரசுக்கு மேல்முறையீடு, அது வீட்டுவசதி மற்றும் நகர்ப்புற வளர்ச்சித் துறைக்குப் போகும். கெடுவுக்குள் போடுங்கள், கூடவே தடை கேட்டுத் தனி மனுவும் வையுங்கள், ஏனென்றால் மேல்முறையீடு போட்டாலே இடிப்பு நின்றுவிடும் என்று நினைக்கக் கூடாது. அந்த மனு மேஜையில் கிடக்கும்போதே இடிக்க வருவார்கள் என்ற நிலை வந்தால் அப்போது அரசியல் சாசனத்தின் 226ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. மேல்முறையீட்டை இத்தனை வாரத்தில் முடியுங்கள், அதுவரை கை வைக்காதீர்கள் என்ற மாதிரி உத்தரவு வருவது வழக்கம்.

உச்ச நீதிமன்றத்தின் 2024 நவம்பர் 13 தீர்ப்பை எல்லோரும் 'புல்டோசர் தீர்ப்பு' என்று சொல்லி எதற்கும் நீட்டுகிறார்கள். அது அனுமதியில்லாத கட்டடத்துக்குக் கவசம் இல்லை, இடிக்கும் முறைக்குக் கடிவாளம். குறைந்தது 15 நாள் நோட்டீஸ், நேரில் விசாரணை, காரணம் எழுதிய உத்தரவு, அதற்குப் பிறகும் 15 நாள், இடிப்பதை வீடியோ எடுப்பது, இவ்வளவும் வேண்டும். உங்களை விசாரணைக்குக் கூப்பிட்டார்களா? கூப்பிடவில்லை என்றால் அதுதான் உங்கள் பலமான வாதம், ஆனால் அதனால் கிடைப்பது புது விசாரணை, மாடிக்கு அங்கீகாரம் இல்லை. சாலை, நீர்நிலை ஆக்கிரமிப்புக்கும் நீதிமன்றமே இடிக்கச் சொன்ன கட்டடத்துக்கும் இந்தத் தீர்ப்பு உதவாது. அதனால் பக்கத்து வீட்டுக்காரர் ஏற்கெனவே ரிட் போட்டு உத்தரவு வாங்கியிருக்கிறாரா என்று உங்கள் வக்கீலை இன்றைக்கே பார்க்கச் சொல்லுங்கள்.

அதே தீர்ப்பில் இன்னொன்று இருக்கிறது. ஒரு பகுதி மட்டும்தான் தவறு என்றால், இடிப்பு ஒன்றே ஏன் வழி என்று உத்தரவில் எழுத வேண்டும். உங்கள் கணக்கைப் பாருங்கள்: 2019 கட்டட விதிகளில் சாதாரண தளப்பரப்புக் குறியீடு (மனையின் பரப்பைப் போல் எத்தனை மடங்கு கட்டலாம் என்ற கணக்கு) 2, அதாவது 1,200 மனையில் 2,400 சதுர அடி. உங்களிடம் 780, 780, 870, ஆக 2,430. நீட்டிய மூன்றடி, முப்பது அடி நீளத்துக்கு 90. அதை வெட்டினால் 2,340. இது பரப்பளவுக் கணக்கு மட்டும்தான், இன்னொரு மாடி வரும்போது காலியிடமும் பார்க்கிங்கும் விதிக்கு ஒத்துவருகிறதா என்று பதிவு பெற்ற இன்ஜினியர் அளந்து சொல்ல வேண்டும். ஒத்துவருகிறது என்று சொல்லிவிட்டால் அந்த 90 சதுர அடிக்காகச் சண்டை போடாதீர்கள். நாங்களே வெட்டிவிடுகிறோம், மீதிக்குத் திருத்திய பிளான் போடுகிறோம் என்று பிரமாணப் பத்திரத்தில் எழுதிக் கொடுங்கள். மறைத்துப் பேசுகிறவருக்கும் இப்படி வந்து நிற்கிறவருக்கும் கோர்ட்டில் கிடைக்கிற மரியாதை வேறு.

ஸ்டே வந்த பிறகு மாடியில் ஒரு ஆணிகூட அடிக்காதீர்கள். ஒருவர் ஸ்டே கையிலிருக்கிற தைரியத்தில் டைல்ஸ் ஒட்டினார். எதிர்வீட்டு ஜன்னலிலிருந்து எடுத்த செல்போன் படம் அடுத்த வாய்தாவில் நீதிபதி மேஜையில் இருந்தது, ஸ்டே அன்றோடு போயிற்று.

மேலே குடியிருப்பவரிடமும் விஷயத்தைச் சொல்லிவிடுங்கள். நாளைக்கு சீல் வைக்க வந்தால் அவர் சாமான்தான் உள்ளே மாட்டும், அட்வான்ஸைத் திருப்பிக் கேட்டு அவர் தனியாக ஒரு கேஸ் போடுவார்.