கையில் காசில்லாமல், சிரிக்க வைக்கும் ஆவணப்படம் எடுக்க முடியுமா? யாருடைய படத்தைப் பார்த்துக் கற்கலாம்?

தாராளமாக முடியும். ஃபைசா அகமத் கான் எடுத்த 'சூப்பர்மென் ஆஃப் மாலேகாவ்' படத்தை முதலில் பாருங்கள். நான் மும்பை செம்பூரில் கல்யாண வீடியோ எடிட்டிங் செய்பவன். சொந்தமாக ஒரு படம் எடுக்கும் ஆசையே அதைப் பார்த்த பிறகுதான் வந்தது.

மாலேகாவ், நாசிக் மாவட்டத்தில் உள்ள விசைத்தறி ஊர். அங்கே வீடியோ பார்லர் நடத்திய நாசிர் ஷேக், உள்ளூர்க்காரர்களை வைத்தே 'ஷோலே'யைத் தங்கள் பாணியில் எடுத்தார். அப்புறம் சூப்பர்மேன் கதையில் இறங்கினார். அந்தப் படப்பிடிப்பைத்தான் ஃபைசா 2008-இல் ஆவணப்படமாக்கினார். சூப்பர்மேனாக வருபவர் ஷஃபீக், ஒல்லியான விசைத்தறித் தொழிலாளி. கேமராவை நகர்த்தும் ட்ராலிக்குப் பதில் சைக்கிள், உயரத் தூக்கும் கிரேனுக்குப் பதில் மாட்டுவண்டி. பறக்கும் காட்சிக்கு, பின்னால் வானத்தைக் கணினியில் சேர்த்துக்கொள்ள வசதியாக, லாரியின் பக்கவாட்டில் பச்சைத் துணி. நடுவில் கேமராவே தண்ணீரில் விழுந்துவிடுகிறது.

கேட்கும்போது கேலி போலத் தோன்றும். ஆனால் ஒரு ஷாட்டுக்காக நாசிர் எவ்வளவு யோசிக்கிறார் என்பதை ஃபைசா பொறுமையாகக் காட்டிவிடுகிறார். அதனால் நாமும் அந்தக் குழுவில் ஒருவராகிவிடுகிறோம். கேமரா விழும்போது வயிறு பிசைகிறது. ஷஃபீக் பிறகு புற்றுநோயில் இறந்தார். 2012-இல் ஆவணப்படம் தியேட்டருக்கு வந்தபோது அவர் இல்லை. இரண்டாம் முறை பார்க்கையில், அவர் பறக்கும் இடத்தில் எனக்குத் தொண்டை அடைத்தது.

என் அனுபவத்தையும் சொல்கிறேன். தாராவியிலிருந்து காலையில் சைக்கிளில் ஹாரன் அடித்தபடி இட்லி விற்கக் கிளம்பும் ஒரு அண்ணாச்சியை நான்கு நாள் ஃபோனில் எடுத்தேன். முதல் இரண்டு நாள் ஃபோனைப் பார்த்ததும் செய்தி வாசிப்பது போலப் பேசினார். மூன்றாம் நாள் என்னை மறந்துவிட்டார். அன்று சயானில் ஒரு பாட்டி மாடியிலிருந்து கூடையை இறக்கி, நேற்றைய சட்னி வெறும் தண்ணீர் என்று மராத்தியில் சண்டை பிடித்தார். "இன்னைக்குக் கெட்டியா இருக்கு ஆஜி, கூடையைக் கவுத்தாலும் சிந்தாது" என்று இவர் தமிழிலேயே பதில் சொன்னார். இருவருக்கும் எல்லாம் புரிந்தது! நான் எழுதிக்கொண்டு போன எந்தக் கேள்வியாலும் அந்த 40 வினாடி கிடைத்திருக்காது.

ஃபோன் போதும், ஆனால் சட்டையில் மாட்டும் மைக் ஒன்று கட்டாயம் வாங்குங்கள். படம் லேசாக ஆடினால் பார்ப்பவர் பொறுத்துக்கொள்வார், பேச்சு கேட்காவிட்டால் எழுந்து போய்விடுவார். பின்னணியில் வேடிக்கை இசை மட்டும் போடாதீர்கள். அந்த மனிதரைச் சிறுமைப்படுத்திவிடும்.

எடிட்டிங் முடிந்ததும் அண்ணாச்சிக்குத்தான் முதலில் காட்டினேன். சட்னி சண்டையை மூன்று முறை ஓடவிட்டுச் சிரித்தார். கடன்காரரோடு அவர் பேசும் இடம் வந்ததும், "தம்பி, இது ஊர்ல பாத்தா நல்லாருக்காது" என்றார். நல்ல காட்சிதான். அங்கேயே வெட்டிவிட்டேன்.