ஏட்டை அனுப்பி அழைத்துவந்த பேட்டி

கேள்வி: காட்பாடியில் வசிக்கும் ஓய்வுபெற்ற சப்-இன்ஸ்பெக்டர் நான். பாலாற்றையும் தோல் ஆலைகளையும் பற்றி ஆவணப்படம் எடுக்கிறேன். பணிக்கொடைப் பணத்தில் கேமரா வாங்கிவிட்டு வீட்டில் சொன்னேன். மனைவி முகம் கொடுத்துப் பேசுவதில்லை. மகன், “இந்த வயதில் இது தேவையா?” என்கிறான். வாணியம்பாடியில் எழுபது வயதைக் கடந்த ஆலைத் தொழிலாளி ஒருவர் பேட்டிக்கு இழுத்தடித்ததால், தெரிந்த ஏட்டு ஒருவரை அனுப்பி அழைத்துவரச் சொன்னேன். வந்தும் சரியாகப் பேசவில்லை. படத்தைத் தொடர்வதா, விடுவதா?

பதில்: வயது ஒரு தடையில்லை என்று நான் எழுதுவேன் என எதிர்பார்த்திருப்பீர்கள். அதைச் சொல்ல நாலு பேர் கிடைப்பார்கள்.

எனக்கு உறுத்துவது அந்த ஏட்டு. காக்கிச் சட்டை வாசலில் நின்றால் தெருவே எட்டிப் பார்க்கும். வீட்டுப் பெண்கள் என்ன வழக்கோ என்று பதறியிருப்பார்கள். பெரியவர் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பியது பயத்தில். வழக்கு விசாரணையிலேயே அறுபது வயது கடந்தவரை அவர் வீட்டைத் தவிர வேறெங்கும் வரச் சொல்லிக் கட்டாயப்படுத்தக் கூடாது; புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 179-ஆவது பிரிவு அது. பழைய சட்டத்தின் 160-ஆவது பிரிவும் முதியவர்களைக் காத்தது. உங்களுக்கு இது மனப்பாடமாக இருக்கும். பதவியில் இருந்தபோதே இல்லாத அதிகாரம் இப்போது எங்கிருந்து வந்தது?

அவர் மகனோ பேரனோ இன்னும் ஆலையில் வேலை பார்க்கிறார்களா என்று கேட்டீர்களா? மாசுபடுத்தியவரே இழப்பீடு தர வேண்டும் என்று வேலூர் தோல் ஆலை வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது காகிதத்திலேயே கிடைக்கும். சுண்ணாம்புத் தொட்டியில் நின்ற காலின் விரலிடுக்கு என்ன ஆனது, கிணற்றுத் தண்ணீரில் வடித்த சோறு எப்படி இருந்தது என்பதை அவர்தான் சொல்ல வேண்டும். விரட்டிக் கேட்டால் “தெரியாதுங்க ஐயா” என்பதோடு முடிந்துவிடும். அந்தப் பதிலை உங்கள் சர்வீஸில் கேட்டுச் சலித்திருப்பீர்களே!

வீட்டிலும் இதைத்தானே செய்திருக்கிறீர்கள்? முடிவெடுத்த பிறகு தகவல். ஆடிக் கிருத்திகைக்கும் தீபாவளிக்கும் நீங்கள் பந்தோபஸ்தில் நிற்க, பிள்ளையோடு தனியாக இருந்தவர் உங்கள் மனைவி. மூன்றாகப் பிரிவதற்கு முந்தைய அந்தப் பெரிய வேலூர் மாவட்டத்தில் மாற்றல் வந்தபோதெல்லாம் பாத்திரம் பண்டத்தைக் கட்டியவரும் அவர்தான். பணிக்கொடையில் அவருக்குப் பாதி உண்டு. சட்டம் சொல்லாவிட்டாலும் நான் சொல்வேன். மகன் கேட்டது துடுக்குதான். அவனைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

படத்தை விட வேண்டாம். முதலில் பஸ் ஏறி வாணியம்பாடிக்குப் போங்கள். கேமரா வேண்டாம், ஏட்டு வேண்டவே வேண்டாம். பெரியவரிடம் அவர் வீட்டார் முன்னிலையில், பக்கத்து வீட்டுக்கும் கேட்கும்படி மன்னிப்புக் கேளுங்கள். பேச விருப்பமில்லை என்றால் எடுத்த பதிவை அழித்துவிட்டு வாருங்கள். திரும்பியதும் கேமரா ரசீதை மனைவியிடம் கொடுத்து, மிச்சப் பணத்தில் படத்துக்கு எவ்வளவு என்பதை அவரையே சொல்லச் சொல்லுங்கள். அவர் சொல்லும் தொகைக்குள் படத்தை முடியுங்கள்.