லீக்ஸ் யாருடைய மரக்கறி?

கேள்வி: என் பாட்டி நுவரெலியாவில் ஒரு தேயிலைத் தோட்டத்திலிருந்து இங்கே வந்தவர். "இங்கிலீஷ் காய்கறியில் லீக்ஸ்தான் ராஜா" என்பார். இலங்கையில் அதன் விளைச்சல் சரிந்துவிட்டதாமே? (ஒரு வாசகி, கோத்தகிரி)

பதில்: வெங்காயக் குடும்பத்தைச் சேர்ந்த, வெள்ளைத் தண்டும் நீண்ட பச்சைத் தாளும் உள்ள செடிதான் லீக்ஸ். அதன் விளைச்சலுக்கு அப்புறம் வருகிறேன். முதலில் அந்த 'இங்கிலீஷ்' என்ற சொல். நீலகிரிப் பக்கம் அப்படிச் சொல்வார்கள் என்று தெரியும். எங்கள் சந்தையில் மலைநாட்டு மரக்கறி என்போம், அதுதான் சரி.

1848இல் சாமுவேல் பேக்கர் என்ற வெள்ளைக்காரர் ஆட்களையும் மாடுகளையும் கூட்டிக்கொண்டு நுவரெலியாவில் பண்ணை போட்டார். எரு போடாமல் இந்த மண் எதுவும் தராது என்பதைப் பட்டுத்தான் தெரிந்துகொண்டார். 1855இல் ஊரைவிட்டுப் போயும்விட்டார். அதற்கப்புறம் மண்ணைக் கொத்தியது யார்? லீக்ஸ் பாத்தியில் ஒரு நாள் நின்று பாருங்கள். நாற்றை நட்டு, தண்டு வளர வளர அடியில் மண் அணைத்துக்கொண்டே வரவேண்டும். வெயில் படாமல் மண்ணுக்குள் இருக்கும் பகுதிதான் வெள்ளைத் தண்டாகிறது. பிடுங்கியதும் வேரை நறுக்கி, மடலுக்குள் புகுந்த மண் போக ஓடையில் அலசுவார்கள். அந்தக் குளிரில் விரல் விறைத்துப்போகும். அந்த விரல்களில் பல உங்கள் பாட்டியின் சொந்தக்காரர்களுடையவை.

சமையலும் நம்முடையதுதான். ஐரோப்பாவில் வெள்ளைத் தண்டை எடுத்துக்கொண்டு பச்சைத் தாளைப் பெரும்பாலும் கழித்துவிடுகிறார்கள். நாம் தாளையும் பொடிப்பொடியாக அரிந்து, உருளைக்கிழங்கோடோ கருவாட்டோடோ வதக்குகிறோம். லீக்ஸ் போடாத கொத்து ரொட்டியை நான் கொத்து ரொட்டியாகவே ஏற்பதில்லை.

சரி, விளைச்சல். 2021 மே மாதம் ஜனாதிபதி கோட்டாபயவின் அரசு இரசாயனப் பசளை (உரம்) இறக்குமதியை ஒரேயடியாகத் தடை செய்தது. பேக்கர் காலத்திலேயே பசியோடு இருந்த மண் இது. தோட்டங்களுக்குப் போதுமான இயற்கைப் பசளை நாட்டில் இல்லை. நவம்பரில் தடையை எடுத்தார்கள். ஆனால் அடுத்த வருடமே டொலர் 200 ரூபாயிலிருந்து 360 ரூபாய்க்குப் போனது. பசளை, கிருமிநாசினி, விதை எல்லாம் பெரும்பாலும் வெளியிலிருந்துதான் வருகின்றன. எல்லாம் எட்டாத விலைக்குப் போய்விட்டன. சிறு விவசாயி பாத்தியைக் குறைத்தார், அல்லது கடன் வாங்கினார்.

இன்னொரு பக்கம், லீக்ஸைக் கட்டி வைத்து நல்ல விலைக்குக் காத்திருக்க முடியாது. எல்லோரும் ஒன்றாக அறுத்தால் விலை விழுகிறது, மழை அடித்தால் எகிறுகிறது. மூட்டையில் திணித்து லொறியில் ஏற்றி, கொழும்பு போய்ச் சேருவதற்குள் அடிமூட்டை நசுங்கிவிடுகிறது. அந்த நட்டம் விளைவித்தவர் தலையில்.

என் பழைய வழக்கையும் சொல்லிவிடுகிறேன். எந்தக் கேள்வி கேட்டாலும் நிலத்தில் கொண்டுவந்து நிறுத்துகிறேன் என்று சில வாசகர்கள் கோபிக்கிறார்கள். கோபிக்கட்டும். 1948இல் இந்திய வம்சாவளித் தோட்டத் தொழிலாளர்களின் குடியுரிமையைப் பறித்தார்கள். 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் கையெழுத்திட்டு அவர்களில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று எழுதிக்கொடுத்தார்கள். இலங்கையில் தோட்டங்களிலேயே தங்கியவர்களில் பெரும்பாலானோர் இன்றும் லயத்தில்தான், அதாவது தோட்டத்து வரிசை அறைகளில்தான். தனிவீடு கிடைத்தவர்களில் பலருக்கு 7 பேர்ச் நிலம். உங்கள் ஊர்க் கணக்கில் நாலரைச் சென்ட்கூட வராது. அதில் வீடு கட்டினால் நாலு பாத்தி லீக்ஸ் போடவே இடம் தேடவேண்டும். அதனால் அடுத்தவர் நிலத்தில் நாட்கூலிக்கு மண் அணைக்கிறார்கள். இந்த வேலையின் நுணுக்கம் முழுதும் கைவந்தவர்களிடம் ஆளுக்கு அரை ஏக்கர் கொடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள், விளைச்சலைப் பற்றி அப்புறம் பேசலாம்.

பாட்டி எந்தத் தோட்டம், எந்த டிவிஷன் என்று கேட்டு எழுதுங்கள். பச்சைத் தாளை அவர் எப்படிச் சமைப்பார் என்பதையும்.