கன்சென்ட் பேப்பரைப் பார்த்தீர்களா? ஆலைக் கழிவு: கேள்வி பதில்

ஆலைக் கழிவுநீரில் மாதிரி எடுக்கும் வேலையில் பல வருடம் இருந்து ஓய்வு பெற்றவன் நான். வக்கீல் இல்லை. தெரிந்ததற்கு மட்டும் பதில் சொல்கிறேன்.

காவேரிப்பட்டணம் பக்கம்: மாம்பழக் கூழ் ஆலைத் தண்ணீர் ஓடையில் வருகிறது. நாற்றம் தாங்கவில்லை. கலெக்டரிடம் மூன்று மனு கொடுத்தும் பயனில்லை, ஐயா.

மனுவில் 'துர்நாற்றம் வீசுகிறது, நடவடிக்கை எடுக்கவும்' என்றுதானே எழுதினீர்கள்? அந்த வரியை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. முதலில் ஆலையின் இசைவாணையை, அதாவது கன்சென்ட்டைப் பாருங்கள். 1974 தண்ணீர் சட்டம், 1981 காற்றுச் சட்டம் இரண்டின் கீழும் மாசுக் கட்டுப்பாடு வாரியம் அதைத் தருகிறது. ஆலையை நிறுவ ஒன்று, இயக்க ஒன்று. நாளுக்கு எத்தனை கிலோலிட்டர் கழிவுநீர், எங்கே விட வேண்டும், எந்த அளவுக்குச் சுத்திகரிக்க வேண்டும் என்பதெல்லாம் நிபந்தனையாக அதில் இருக்கும். பொது அளவுகோல்படி பிஓடி (கழிவு அழுகும்போது தண்ணீரில் எவ்வளவு ஆக்சிஜனைத் தின்னும் என்ற கணக்கு), நீர்நிலையில் விட லிட்டருக்கு 30 மில்லிகிராம், பாசன நிலத்துக்கு 100. தண்ணீர் சட்டம் 25(6)-இன்படி வாரியம் நிபந்தனைகளுக்குப் பதிவேடு வைக்க வேண்டும். பாதிக்கப்பட்டவர் அதைப் பார்க்கலாம். ஓசூரில் மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளர் அலுவலகத்தில் கேளுங்கள். 'ஓடையில் விட அனுமதி இல்லை, ஆனால் விடுகிறார்கள்; இந்தத் தேதி, இத்தனை மணி' என்று எழுதினால்தான் அது புகார்.

ஒரு ஆலைக்கு ஆய்வுக்குப் போனோம். பதிவேட்டில் ஏரேட்டர் (கழிவுநீரில் காற்றைக் கலக்கும் இயந்திரம்) தினமும் பதினாறு மணி நேரம் ஓடியதாக எழுதியிருந்தது. ஏரேட்டர் தண்டில் குளவி கூடு கட்டியிருந்தது. சுத்திகரிப்பு நிலையத்துக்குத் தனி மின்மீட்டர் வைக்கச் சொல்லி நிபந்தனை இருந்தால் அந்த மீட்டரைப் பார்க்கச் சொல்லி மனுவில் கேளுங்கள். பதிவேட்டில் பொய் எழுதலாம், மீட்டரில் அது கஷ்டம்.

ஓசூர்: நானே பாட்டிலில் தண்ணீர் பிடித்துத் தனியார் லேபில் டெஸ்ட் செய்தேன். கேஸ் போடலாமா?

புகாரோடு இணையுங்கள். ஆனால் தண்ணீர் சட்டப்படி வழக்கில் நிற்க வேண்டுமென்றால் அதிகாரி ஆலைக்கு நோட்டீஸ் கொடுத்து, மாதிரியை இரண்டாகப் பிரித்து, சீல் வைத்து, கையெழுத்து வாங்கியிருக்க வேண்டும். கூல்டிரிங்க்ஸ் பாட்டில் தண்ணீர் அங்கே நிற்காது.

பர்கூர்: கிராம சபையில் தீர்மானம் போட்டால் ஆலை வராது அல்லவா?

அப்படி இல்லை. 1994 ஊராட்சிகள் சட்டப்படி ஆலை கட்ட, இயந்திரம் பொருத்த உள்ளாட்சி அனுமதி வேண்டும். ஆட்சேபத்தைச் சொல்ல வேண்டிய இடம் அது. தீர்மானம் மட்டுமே தடையாணை ஆகிவிடாது, ஆனால் பின்னால் பசுமைத் தீர்ப்பாயத்தில் (சுற்றுச்சூழல் வழக்குகளுக்கான தனித் தீர்ப்பாயம்) நல்ல ஆவணம். மக்கள் கருத்துக்கேட்புக் கூட்டமும் எல்லா ஆலைக்கும் கிடையாது. 2006 சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கைப் பட்டியலில் உள்ளவற்றுக்குத்தான், அதிலும் எல்லாவற்றுக்கும் இல்லை. கூழ் ஆலை பட்டியலிலேயே இல்லை.

போச்சம்பள்ளி: அண்ணா, எங்களுக்கு மூன்று ஏக்கர் பெங்களூரா மா. ஆலையை மூட வழி சொல்லிக் கொடுக்கிறீர்களே, காயை நீங்கள் வாங்குவீர்களா?

மூடச் சொல்லி நான் எங்கே எழுதினேன்? கூழ்க் கழிவு சர்க்கரையும் புளிப்பும்தான். ஓடையில் சேர்ந்தால் தண்ணீரிலுள்ள ஆக்சிஜனைத் தின்றுவிட்டு அழுகும், அதுதான் அந்த முட்டை நாற்றம். சுத்திகரிக்கக் கூடியதுதான். சேலம் பக்கம் சேகோ, அதாவது ஜவ்வரிசி ஆலைகள் இதே மாதிரிக் கழிவிலிருந்து பயோகேஸ் எடுக்கின்றன.

காவேரிப்பட்டணம்: அவர் தோப்பு மேட்டில் இருக்கிறது. எங்கள் கிணறு ஓடைக்குக் கீழே. அதனால் பேசுகிறார்.

போச்சம்பள்ளி: சுத்திகரிப்புச் செலவை எங்கள் கிலோ விலையில்தான் கழிப்பார்கள். போன வருடம் காய் பறிகூலிக்குக்கூடக் கட்டவில்லை.

இருவர் சொல்வதும் உண்மைதான். வேலூர் தோல் ஆலை வழக்கில் 1996-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: கெடுத்தவன்தான் செலவு செய்ய வேண்டும். அந்தச் செலவை விவசாயி தலையில் இறக்குவதை எப்படித் தடுப்பது என்பது விலைப் பேச்சு. அது என் துறை இல்லை. இரண்டு பேரும் ஒரே மனுவில் கையெழுத்துப் போட்டால் நன்றாக இருக்கும், போடமாட்டீர்கள்.

பென்னாகரம்: ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் பல் மஞ்சளாகிறது. பக்கத்து ஆலைதான் காரணமா?

ஆலை மேல் போடாதீர்கள், புகாரே கெட்டுவிடும். நம் கிருஷ்ணகிரி, தருமபுரி மாவட்டங்களில் பாறையிலிருந்தே நிலத்தடி நீரில் ஃப்ளோரைடு கலக்கிறது. லிட்டருக்கு 1.5 மில்லிகிராம்தான் உச்ச வரம்பு. ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டமே அதற்காக வந்ததுதான். போர்வெல் தண்ணீரைக் குடிநீர் ஆய்வகத்தில் கொடுத்துப் பாருங்கள்.

தேன்கனிக்கோட்டை: எங்கள் கொட்டாயிலிருந்து 200 மீட்டரில் கல்குவாரி. குடியிருப்புக்கு 300 மீட்டருக்குள் கூடாது என்கிறார்களே?

கூடாதுதான். ஆனால் விதியில் 'குடியிருப்பு' என்றால் வருவாய்க் கணக்கில் நத்தம் (ஊர்க் குடியிருப்பு நிலம்), மனை என்று இருப்பது, அல்லது அனுமதி பெற்ற மனை. நிலத்துக்குள் கட்டிய கொட்டாய் வீட்டுக்கு இங்கேதான் அடி விழுகிறது. நத்தமா, புன்செய்யா என்று கணக்கைப் பாருங்கள். நத்தம் இல்லையென்றால் வீட்டுவரி ரசீது, மின் இணைப்பு, வீட்டுக்கு வாங்கிய அனுமதி எல்லாவற்றையும் சேர்த்து வையுங்கள்.

ஓசூர்: கெலவரப்பள்ளி அணை நுரைக்கு யாரிடம் மனு கொடுப்பது?

கழிவு பெங்களூரிலிருந்து, அதாவது வேறு மாநிலத்திலிருந்து வருகிறது. பசுமைத் தீர்ப்பாயம்தான்.

ஊத்தங்கரை: மனு கொடுத்தோம், நடவடிக்கை இல்லை. என்ன செய்வது?

முதல் பதிலைப் படியுங்கள்.

அரூர்: சேகோ ஆலை நாற்றம். மனு கொடுத்து இரண்டு வருடம் ஆகிறது...

கன்சென்ட்! இன்னொன்று: பசுமைத் தீர்ப்பாயத்தில் 14-ஆம் பிரிவு வழக்குக்குப் பிரச்சினை முதலில் எழுந்ததிலிருந்து ஆறு மாதம்தான் கெடு. தக்க காரணம் சொன்னால் மேலும் அறுபது நாள். இழப்பீட்டுக்கு ஐந்து வருடம். உங்களுக்கு இழப்பீட்டு வழி இன்னும் இருக்கிறது. மனு போட்டுவிட்டுக் காத்திருந்த நாளைக் கெடுவில் கழிப்பார்கள் என்று நம்பி உட்காராதீர்கள்.

காவேரிப்பட்டணம்: ஐயா, பதிவேடு பார்க்கப் போனேன். அடுத்த வாரம் வரச் சொன்னார்கள்.

சொன்னவர் பதவி, நாள், நேரம் குறித்துக்கொள்ளுங்கள். இன்றைக்கே பத்து ரூபாய் கட்டி ஆர்டிஐ (தகவல் உரிமைச் சட்ட) மனுவும் போடுங்கள், முப்பது நாளில் பதில் தர வேண்டும். ஓடையை இப்போதே தேதி தெரிகிற மாதிரி படம் எடுத்து வையுங்கள். ஆடி முடிந்தால் ஆலையும் நின்றுவிடும், ஓடையும் காய்ந்துவிடும்.