ஹக்கிள்பெரி ஃபின் என்ற சிறுவனுக்கு அமெரிக்காவில் இன்னும் ஏன் இவ்வளவு மதிப்பு?

1884ல் வந்த ஒரு நாவலின் நாயகன், பள்ளிக்கூடத்துக்குக்கூட ஒழுங்காகப் போகாதவன், ஊர் சுற்றிய குறும்புக்காரப் பையன், அவனை அமெரிக்கர்கள் ஏன் இன்னும் தூக்கி வைத்துப் பேசுகிறார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். உங்கள் வீட்டில் உயர்நிலைப் பள்ளிப் பிள்ளை இருக்கும். பாடத்தில் அந்த நாவலை எழுதிய மார்க் ட்வைன் வந்திருப்பார். உள்ளே இருக்கும் சொற்களைப் பார்த்துவிட்டு இதெல்லாம் எதற்கு என்று தோன்றியிருக்கும். இங்கே நம் ஆட்கள் இந்தக் கேள்வியைக் கேட்பது பெரும்பாலும் அந்தச் சமயத்தில்தான்.

'குறும்புக்காரப் பையன்' என்று எழுதியிருந்தீர்களே, அதைப் படித்த பிறகு என்னால் சும்மா இருக்க முடியவில்லை. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் இலக்கியம் படித்தவள் இல்லை. மிசூரி மாநிலத்தின் செயின்ட் லூயிஸ் பக்கம் பல வருடமாகக் குடியிருக்கிறோம், மருத்துவமனை ஆய்வகத்தில் வேலை. வெள்ளைக்காரர் எழுதிய அடிமைக் கதைக்கு ஓர் இந்தியப் பெண் ஏன் வக்காலத்து வாங்க வேண்டும் என்று கேட்க ஆட்கள் வருவார்கள். வரட்டும், முழு நாவலையும் படித்துவிட்டு வரட்டும்.

கதை சுருக்கமாக இதுதான். அடிமைமுறை சட்டமாக இருந்த மிசூரி மாநிலத்தில், மிசிசிப்பி ஆற்றங்கரையில் ஒரு சிற்றூர். பதின்மூன்று பதினாலு வயதுப் பையன் ஹக், குடிகாரத் தகப்பனின் அடி தாங்காமல், தான் செத்துப்போனதாக ஊரை நம்பவைத்துவிட்டுத் தப்பிக்கிறான். மிஸ் வாட்சன் என்ற பெண்மணியின் அடிமை ஜிம், தன்னை 800 டாலருக்குத் தெற்கே விற்கப்போகிறார்கள் என்று தெரிந்து ஓடிவருகிறான். இருவரும் ஒரே கட்டுமரத்தில் ஆற்றோடு போகிறார்கள். இல்லினாய் மாநிலத்தின் கெய்ரோ என்ற ஊரில் ஓஹயோ ஆறு வந்து சேர்கிறது. அங்கே இறங்கி ஓஹயோ வழியாக மேலே போனால் ஜிம்முக்கு விடுதலை. பனிமூட்டத்தில் அந்த இடத்தைத் தவறவிட்டு, அடிமைமுறை இன்னும் கொடுமையாக இருக்கும் தெற்குக்குள்ளேயே போய்க்கொண்டிருக்கிறார்கள்.

இதில் குறும்பு எங்கே வருகிறது என்றால், 15ஆம் அத்தியாயத்தில் வருகிறது. பனியில் பிரிந்து திரும்பச் சேர்ந்ததும் ஹக், நடந்ததெல்லாம் நீ கண்ட கனவு என்று ஜிம்மை ஏமாற்றுகிறான். உண்மை தெரிந்ததும் ஜிம் கோபமாகத் திட்டவில்லை. நண்பன் தலையில் அழுக்கைப் போட்டு அவனை வெட்கப்பட வைப்பவர்கள்தான் குப்பை என்று சொல்லிவிட்டுக் கூடாரத்துக்குள் போய்விடுகிறான். ஒரு கறுப்பரிடம் போய் மன்னிப்புக் கேட்க ஹக்குக்குக் கால் மணி நேரம் பிடிக்கிறது. ஆனால் கேட்கிறான். அதற்காகப் பிறகு ஒருநாளும் வருந்தவில்லை என்றும் சொல்கிறான். அந்தக் காலத்து மிசூரியில் ஒரு வெள்ளைக்காரப் பையன் அடிமையிடம் மன்னிப்புக் கேட்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று யோசித்துப் பாருங்கள். எங்கள் நகரின் பழைய நீதிமன்றக் கட்டடம் இன்னும் நிற்கிறது. ட்ரெட் ஸ்காட் என்ற அடிமை தன் விடுதலைக்காக வழக்காடியது அங்கேதான். அந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 1857ல் கறுப்பர்கள் இந்த நாட்டின் குடிமக்களே ஆக முடியாது என்ற தீர்ப்பில் முடிந்தது.

அடுத்த அத்தியாயத்தில் ஓடிப்போன அடிமைகளைத் தேடித் துப்பாக்கியோடு இரண்டு பேர் வருகிறார்கள். கட்டுமரத்தில் இருப்பவன் வெள்ளையா கறுப்பா என்று கேட்கிறார்கள். காட்டிக்கொடுக்கும் எண்ணத்தோடு கிளம்பிய ஹக், அந்த இடத்தில் 'வெள்ளை' என்று சொல்லிவிடுகிறான். உள்ளே பெரியம்மை என்று அவர்களே நினைத்துக்கொள்ளும்படி பேசி விரட்டியும் விடுகிறான். அப்புறம் 31ஆம் அத்தியாயம். ஜிம்மை மோசடிக்காரர்கள் நாற்பது டாலருக்கு விற்றுவிட்டார்கள். ஜிம் இருக்கும் இடத்தைச் சொல்லி மிஸ் வாட்சனுக்கு ஹக் ஒரு கடிதம் எழுதுகிறான். எழுதியதும் பாவமெல்லாம் கழுவிவிட்டாற்போல மனசு லேசாகிறது. பிறகு ஜிம் நினைவுக்கு வருகிறான். ஹக்கை எழுப்பாமல், ஹக்கின் முறைக் காவலையும் சேர்த்துப் பார்த்தவன், உலகத்திலேயே தனக்கு இருக்கும் ஒரே நண்பன் நீதான் என்று சொன்னவன். ஹக் கடிதத்தைக் கையில் எடுத்து, மூச்சை அடக்கிக்கொண்டு யோசித்து, 'சரி, அப்படியானால் நான் நரகத்துக்கே போகிறேன்' என்று கிழித்துப் போடுகிறான்.

அவன் நிஜமாகவே நரகத்தை நம்பித்தான் அப்படிச் சொல்கிறான். அடிமைமுறை தப்பு என்று அவனுக்கு நாவல் முடியும்வரை தோன்றுவதே இல்லை. பிறர் சொத்தைத் திருடுகிறோம், கடவுளுக்கு விரோதமாக நடக்கிறோம் என்றே நினைக்கிறான். நினைத்துக்கொண்டே நல்லதைச் செய்கிறான். ட்வைன் 1895ல் இதைப் பற்றி எழுதிய குறிப்பில், நல்ல இதயமும் கோணிப்போன மனசாட்சியும் மோதி, மனசாட்சி தோற்றுப்போகும் கதை என்கிறார். 'மனசாட்சிப்படி நட' என்று எல்லோரும் பிள்ளைகளுக்குச் சொல்கிறோம். அந்த மனசாட்சியையே ஊர் தப்பாகச் சொல்லிக்கொடுத்திருந்தால் என்ன செய்வது என்று இந்தப் பையன் கேட்க வைக்கிறான். தத்துவப் பேராசிரியர்கள்கூட விடாமல் இதைப் பிடித்துக்கொண்டதற்குக் காரணம் இதுதான். ஜோனதன் பென்னட் 1974ல் ஹக்கின் மனசாட்சியைப் பற்றியே தனியாக ஒரு கட்டுரை எழுதினார்.

எங்கள் வீட்டுக்கு இந்த நாவல் வந்தது என் மகளின் பதினோராம் வகுப்பில். வரும்போதே தகராறோடுதான் வந்தது. பெற்றோர் கூட்டத்தில் ஒரு கறுப்பினத் தாய் எழுந்து, வகுப்பில் கறுப்பர்களைக் குறிக்கும் அந்த இழிசொல்லைச் சத்தமாக வாசிக்கும்போது மற்றப் பிள்ளைகள் எல்லாம் என் மகனைத் திரும்பிப் பார்க்கிறார்கள் என்றார். நாவலில் அந்தச் சொல் 200 தடவைக்கு மேல் வருகிறது. அவர் சொன்னதில் ஒரு வார்த்தைகூடத் தப்பில்லை. வகுப்பில் யாரும் அதை வாய்விட்டு வாசிக்கக் கூடாது என்பதுதான் என் கருத்தும். 2011ல் ஒரு பதிப்பில் அந்தச் சொல்லை எடுத்துவிட்டு 'அடிமை' என்று போட்டார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த ஊர் எவ்வளவு சாதாரணமாக அந்தச் சொல்லைப் புழங்கியது என்று தெரிந்தால்தான் ஹக் எதை மீறினான் என்று புரியும். நான் அந்தச் சொல்லை ஆதரிக்கிறேன் என்று இதை யாரும் திரிக்க வேண்டாம்.

எனக்கு வலித்தது அதற்குப் பிறகு எங்கள் தமிழ்க் குழுவில் நடந்த பேச்சு. 'இது கறுப்பருக்கும் வெள்ளையருக்கும் உள்ள பிரச்சினை, நம்ம பிள்ளைங்களுக்கு எதுக்கு, எஸ்ஏடி மார்க் வந்தாப் போதும்' என்று (எஸ்ஏடி என்பது கல்லூரிச் சேர்க்கைக்கான தேர்வு) ஒருவர் போட, வரிசையாகக் கட்டைவிரல்கள் விழுந்தன.

பள்ளிக்கூடமும் ஒன்றும் பெரிதாகக் கிழித்துவிடவில்லை. தடை செய்யவில்லை என்று பெயர். முழுப் புத்தகத்துக்குப் பதில் திரையில் சில பக்கங்கள், கீழே நான்கு விடைகள், ஒன்றைச் சொடுக்கு. அவ்வளவுதான் பாடம். எல்லாப் புத்தகமும் இப்போது அப்படித்தான் வருகிறது. ஒரு நாவலை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை படிக்கும் பொறுமையே பிள்ளைகளுக்கு வளரவில்லை. ஐந்து நிமிடத்தில் ஒரு பத்தியின் 'மையக் கருத்தை'க் கண்டுபிடிக்கப் பழக்குகிறார்கள். வரி கட்டுகிறோம், நூலகம் இருக்கிறது, அலமாரியில் அச்சுப் புத்தகமும் இருக்கிறது. எடுத்துக் கொடுக்க ஆள் இல்லை. ஆசிரியர்களைக் குறை சொல்லவில்லை, மேலே இருந்து வரும் தேர்வுக் கெடுபிடி அப்படி. ஆனால் கூட்டத்தில் அவ்வளவு சண்டை போட்ட நாங்கள், வகுப்பில் யாருமே முழுதாகப் படிக்காத ஒரு புத்தகத்துக்காகத்தான் சண்டை போட்டிருக்கிறோம். அந்த ஆதங்கம் இன்னும் போகவில்லை.

ஆகவே புத்தகத்தை வாங்கி, சாப்பாடு முடிந்ததும் நானும் மகளும் மாறி மாறி வாசித்தோம், அந்தச் சொல்லைத் தவிர்த்துவிட்டு. 31ஆம் அத்தியாயத்தில் அவள் நிறுத்தி, 'அம்மா, அப்போ மிஸ் வாட்சன் தன்னை நல்லவள்னுதான் நினைச்சிருப்பா, இல்ல?' என்று கேட்டாள்.

அவளுக்கு ட்வைனின் அம்மாவைப் பற்றிச் சொன்னேன். ஜேன் கிளமென்ஸ் இரக்கமே உருவானவர் என்று மகனே சுயசரிதையில் எழுதுகிறார். அவர்கள் வீட்டில் சாண்டி என்ற அடிமைச் சிறுவன் இருந்தான், மேரிலாந்திலிருந்து தாயைப் பிரித்துக் கொண்டுவந்தது. நாளெல்லாம் பாடிக்கொண்டே இருப்பான். இரைச்சல் தாங்கவில்லை, அவனை நிறுத்தச் சொல் என்று சின்ன சாமுவேல் (ட்வைனின் இயற்பெயர்) கத்த, அம்மா கண்ணீரோடு, அவன் பாடும்போது எதையும் நினைக்கவில்லை என்று அர்த்தம், இனி அவன் தன் அம்மாவைப் பார்க்கவே மாட்டான் என்கிறார். அதே அம்மாவுக்கு அடிமைமுறை அநியாயம் என்று தெரியாது. தேவாலயத்தில் அதற்கு எதிராக ஒரு பேச்சையும் அவர் கேட்டதில்லை.

பிறகு என் அப்பாயியைப் பற்றியும் சொன்னேன். விரதம் தவறாதவர், பசி என்று வந்தவரைத் திருப்பி அனுப்பாதவர். வயல் வேலைக்கு வருபவர்களுக்குக் கொல்லைப்புறத்தில்தான் சோறு, குடிக்கத் தனி டம்ளர். அதைத் தர்மம் என்றுதான் நம்பினார். ஊரில் அவருக்கு யாரும் வேறு சொல்லவில்லை. நம் பிள்ளைகளுக்கு இது எதற்கு என்று கேட்டவர்களுக்கு நான் சொன்ன பதிலும் இதுதான். அடிமைமுறையும் சாதியும் ஒன்றா என்று விவாதிக்க வராதீர்கள், நான் அப்படிச் சொல்லவில்லை. நல்லவர்களின் மனசாட்சியும் கோணலாக வளரும் என்பதைச் சொல்கிறேன். ட்வைனுக்கே இந்த நினைவு இந்தியாவில்தான் கிளறப்பட்டது. 1896ல் பம்பாய் விடுதியில் ஒரு ஜெர்மானியர் இந்திய வேலைக்காரரின் தாடையில் அறைந்ததைப் பார்த்ததும், ஐம்பது வருடத்துக்கு முந்தைய மிசூரிப் பிள்ளைப்பருவம் சட்டென்று கண்முன் வந்ததாகத் தன் பயண நூலில் எழுதியிருக்கிறார்.

இலக்கியத்தில் என்ன பாதிப்பு என்றால், அதை எல்லோரும் சொல்லிவிட்டார்கள். நவீன அமெரிக்க இலக்கியம் முழுவதும் இந்த ஒரு நாவலிலிருந்து வந்தது என்று எழுத்தாளர் ஹெமிங்வே 1935ல் எழுதினார். படிக்காத பையன் தன் பேச்சு மொழியிலேயே கதை சொல்லலாம் என்று ஆனபிறகு எத்தனையோ இளம் நாயகர்கள் அந்த வழியில் வந்தார்கள். கண்டனமும் ஆரம்பத்திலிருந்தே உண்டு. 1885லேயே கான்கார்ட் நகர நூலகம் இதைக் குப்பை என்று வெளியே போட்டது. கறுப்பின எழுத்தாளர்கள் வைத்த விமர்சனம் வேறு, அதை நான் மதிக்கிறேன். கடைசி அத்தியாயங்களில் ஹக்கின் நண்பன் டாம் சாயர் வந்து ஜிம்மின் விடுதலையை விளையாட்டாக்குவது எனக்கும் தாங்கவில்லை. ஜிம்முக்கு ஏற்கெனவே விடுதலை எழுதிவைத்தாகிவிட்டது என்று தெரிந்தே டாம் அவரைப் படுத்துகிறான். ஹக் கூடவே நிற்கிறான்.

ட்வைன் வளர்ந்த ஹன்னிபல் எங்களுக்கு இரண்டு மணி நேரத் தூரம். டாமும் ஹக்கும் சேர்ந்து நிற்கும் 1926ஆம் வருடச் சிலை குன்றடியில் இருக்கிறது. ஹக்குக்கு முன்மாதிரியான டாம் பிளாங்கன்ஷிப், அந்த ஊர்க் குடிகாரரின் மகன். அவனுடைய அண்ணன் 1847ல், ஓடிவந்த ஓர் அடிமைக்கு ஆற்றின் அந்தக் கரையில் ஒளித்துவைத்துச் சோறு கொடுத்தான். பரிசுப் பணத்துக்கு ஆசைப்படவில்லை. அந்தக் குடும்பத்தின் வீட்டைத் திரும்பக் கட்டிவைத்திருக்கிறார்கள். பிள்ளையோடு ஒருமுறை போய் வாருங்கள்.

அப்புறம், முழு நாவலுக்கு நேரமில்லை என்றால் 15, 16, 31 அத்தியாயங்களையாவது படியுங்கள். முடித்ததும் பெர்சிவல் எவரெட்டின் 'ஜேம்ஸ்' படியுங்கள். அதே கதையை ஜிம்மே சொல்வது, 2025ல் புலிட்சர் பரிசு வாங்கியது. படம் போட்ட சுருக்கப் பதிப்பு மட்டும் வேண்டாம். நான் பார்த்தவற்றில் கட்டுமரமும் வேடிக்கையும் முழுதாக இருந்தன, மன்னிப்பு கேட்கும் இடத்தைக் காணோம்.