அபி பாட்டியின் இன்னொரு பெயர்

கேள்வி: என் மகள் அயர்லாந்தின் கார்க் நகரத்தில் நர்ஸாக வேலை பார்க்கிறாள். அவளும் மருமகனும் இரவு வேலைக்குப் போகும் நாட்களில் மூத்த பேத்தியைப் பார்த்துக்கொண்டவர் பக்கத்து வீட்டு மூதாட்டி. தெருவே அவரை ‘அபி’ என்றுதான் அழைக்கும். பேத்திக்கு அவர் ‘அபி பாட்டி’. சென்ற நவம்பரில் அவர் இறந்துவிட்டார். இறப்பு அறிவிப்பில் அவர் பெயர் ‘கொபனிட்’ என்று அச்சாகியிருந்தது. ‘அபி’ என்பதை அடைப்புக்குறிக்குள் போட்டிருந்தார்கள். ஜனவரியில் மகளுக்கு இரண்டாவது பெண் குழந்தை பிறந்திருக்கிறது. கொபனிட் என்ற பெயரைத்தான் வைக்க வேண்டும் என்று பிடிவாதமாக இருக்கிறாள். என் கணவருக்கு அந்தப் பெயர் வாயில் நுழையவில்லை. “அதன் ஆங்கில வடிவம் அபிகெயில்தானே, அதையே வைப்போம்” என்கிறார் மருமகன். பெயரின் முதல் பாதிக்கு ஆங்கிலக் கொச்சையில் ‘வாய்’ என்று பொருளாம், பள்ளியில் கேலி செய்வார்கள் என்கிறார்கள் சம்பந்தி வீட்டில். கிறிஸ்தவப் புனிதரின் பெயர் என்பதால் எனக்கும் சற்றுத் தயக்கம். அந்தப் பெயருக்கு உண்மையில் என்ன பொருள்? ஒருவருக்கு எப்படி இரண்டு பெயர்கள்? குழந்தைக்கு வைக்கலாமா?
— ஒரு பாட்டி, திருநெல்வேலி

பதில்: அன்புச் சகோதரிக்கு, பெயரின் பொருளை முதலில் சொல்லிவிடுகிறேன். உங்கள் வீட்டுக் குழப்பத்தில் பாதி அதிலேயே தீரும்.

பழைய ஐரிஷ் மொழியில் இரும்படிக்கும் கொல்லருக்கான சொல் ‘கொப’ என்று தொடங்கும். அதோடு ‘-னிட்’ என்ற பெண்பால் செல்ல விகுதி சேர்ந்து கொபனிட் ஆனது. நம் வழக்கில் சொல்வதானால் ‘சின்னக் கொல்லத்தி’. இதே விகுதியைப் பூவுக்கான சொல்லோடு சேர்த்தும் கலைமானுக்கான சொல்லோடு சேர்த்தும் அங்கே பெண் பெயர்கள் உண்டு. ஆண் குழந்தையானால் அதே வேரிலிருந்து ‘கொபான்’ என்ற பெயர் வரும்; அயர்லாந்தின் நாட்டுப்புறக் கதைகளில் எந்தக் கட்டடத்தையும் எழுப்பிவிடும் பெருங்கைவினைஞனுக்கு அதுதான் பெயர். மெகவன் என்ற குடும்பப் பெயரைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். அதுவும் ‘கொல்லன் மகன்’ என்பதுதான்.

ஆங்கிலக் கொச்சைச் சொல்லைப் பற்றிய பேச்சு முழுக்கப் பொய்யல்ல. ஐரிஷில் ‘கொப்’ என்று பறவையின் அலகுக்கு ஒரு சொல் இருக்கிறது. வாயைக் குறிக்கும் ஆங்கிலக் கொச்சைக்கும் அதற்கும் உறவு உண்டு என்பார்கள். எழுத்தில் ஒன்றுபோலத் தெரிந்தாலும் உங்கள் பேத்தியின் பெயருக்கு வேர் அதுவல்ல. அலகு வேறு, உலைக்களம் வேறு.

கொல்லர் என்றால் பழைய அயர்லாந்தில் சாதாரண ஆள் அல்ல. கல்லிலிருந்து இரும்பைப் பிரித்தெடுக்கிறவரிடம் மந்திர சக்தி இருப்பதாக மக்கள் நம்பினார்கள். புனித பேட்ரிக்கின் பெயரால் வழங்கும் பழைய காப்பு மன்றாட்டு ஒன்றில், பெண்கள், கொல்லர்கள், ட்ரூயிட் என்னும் பூசாரிகள் ஆகியோரின் மந்திரங்களிலிருந்து காப்பாற்றும்படி இறைவனிடம் வேண்டுகிறார்கள். பெண்ணும் கொல்லரும் ஒரே வரியில் வருகிறார்கள். அந்த இரண்டும் சேர்ந்த பெயரை ஒரு பெண் தெய்வபக்தியோடு சுமந்தாள் என்பதுதான் எனக்கு இந்தப் பெயரில் மிகவும் பிடித்தது.

அந்தப் பெண் யார்? ஏறத்தாழ ஆறாம் நூற்றாண்டைச் சேர்ந்த துறவி என்று மரபு சொல்கிறது. குடும்பப் பகைக்குத் தப்பி மேற்குக் கடலில் உள்ள அரன் தீவுகளில் மிகச் சிறியதான இனிஷீருக்குப் போனாராம். அவர் பெயரால் ஒரு பழைய கற்கோயில் இன்றும் அந்தத் தீவில் நிற்கிறது. அங்கே ஒரு தேவதூதர் தோன்றி, “உன் இடம் இதுவல்ல. ஒன்பது வெள்ளை மான்கள் சேர்ந்து மேயும் இடத்தில்தான் நீ தங்க வேண்டும்” என்றாராம். தெற்கே நடந்து வந்தவர் க்ளோன்ட்ரோஹிட் என்ற ஊரில் மூன்று மான்களைக் கண்டார். பாலிமகீராவில் ஆறு. பாலிவூர்னியில் ஒன்பது. அங்கேயே மடம் அமைத்துத் தங்கிவிட்டார். இந்த ஊர்கள் எல்லாமே உங்கள் மகள் வசிக்கும் கார்க் மாவட்டத்தில்தான் இருக்கின்றன. கார்க் நகரத்திலிருந்து கில்லார்னிக்குப் போகும் சாலையில் ஏறத்தாழ ஒரு மணி நேரப் பயணத்தில் பாலிவூர்னி வந்துவிடும். ஐரிஷ் மொழி இன்னும் வீட்டு மொழியாக இருக்கும் பகுதி அது.

இன்று கொபனிட் என்றால் அயர்லாந்தில் எல்லோருக்கும் நினைவுக்கு வருவது தேனீதான். தேனீக்களுக்கும் தேனீ வளர்ப்பவர்களுக்கும் காவல் புனிதர் அவர். ஊர் மாடுகளைக் கொள்ளையர்கள் ஓட்டிக்கொண்டு போனபோது தேன்கூட்டைத் திறந்துவிட்டு அவர்களை விரட்டியதாகக் கதை. தேனைக் கொண்டு நோயாளிகளுக்கு மருத்துவம் பார்த்ததாகவும் சொல்வார்கள். அந்த நாட்டில் தேனீ அவ்வளவு பெரிய செல்வம். ஏழாம் நூற்றாண்டைச் சேர்ந்த ஐரிஷ் சட்ட நூல் ஒன்று முழுக்க முழுக்கத் தேனீ வழக்குகளுக்காகவே எழுதப்பட்டது. ஒருவர் வளர்க்கும் தேனீக்கள் பக்கத்து வீட்டுக்காரரின் பூக்களில் மேய்கின்றன என்பதால் அந்தப் பக்கத்து வீட்டாருக்கும் அதில் பங்கு சேர வேண்டும் என்று அது விதி வகுக்கிறது. உங்கள் கடிதத்தைப் படித்தபோது எனக்கு நினைவு வந்தது அந்தச் சட்டம்தான்.

1951-இல் பாலிவூர்னியில் செதுக்கி நிறுத்திய சிலையிலும் சிற்பி ஷேமஸ் மர்ஃபி அவரைத் தேன்கூட்டின் மீது நிற்க வைத்தார்; காலடியில் தேனீக்கள். அதே ஆண்டில் மைக்கேல் ஓகெல்லி என்ற தொல்லியல் அறிஞர், ‘கொபனிட்டின் வீடு’ என்று ஊரார் சொல்லிவந்த வட்ட வடிவக் கல்வீட்டின் அடித்தளத்தை அகழ்ந்தார். பின்னாளில் நியூகிரேஞ்சில் ஐயாயிரம் ஆண்டுப் பழமையான கல்லறையை ஆராய்ந்து புகழ்பெற்றவர் அவர்தான். பாலிவூர்னியில் அவருக்குக் கிடைத்தவை உலைக்குழிகள், உலோகம் உருக்கும் மூசைகள், அள்ளஅள்ள இரும்புக் கிட்டம். அது கொல்லர்கள் வேலை செய்த இடம். ஊரின் நினைவில் தேனீ மட்டும் தங்கியிருந்தது. பெயரோ அத்தனை நூற்றாண்டுகளாகச் சம்மட்டியைச் சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறது. மண்ணைத் தோண்டிய பிறகுதான் இரண்டும் பொருந்தின. ஒரு பெயரை மாற்றாமல் வைத்திருப்பதில் இப்படியும் ஒரு நன்மை இருக்கிறது.

இப்போது அபி என்ற பெயருக்கு வருகிறேன். 1831-இல் அயர்லாந்தில் தேசியப் பள்ளிகள் தொடங்கின, பாடம் ஆங்கிலத்தில். 1864 முதல் எல்லாப் பிறப்புகளையும் அரசு ஏட்டில் பதிய வேண்டியதாயிற்று. பதிவு ஏடும் ஆங்கிலத்தில். ஐரிஷ் பெயரோடு வந்த பெண்ணுக்கு, எழுதுபவர் காதுக்குக் கிட்டத்தில் எந்த ஆங்கிலப் பெயர் பட்டதோ அது கிடைத்தது. கொபனிட்டுக்குக் கிடைத்தது அபிகெயில். தமிழ் வேதாகமத்தில் அபிகாயில் என்று வருகிறாளே, தாவீதின் மனைவி, அவள் பெயர். எபிரேயத்தில் அதற்குத் தந்தையின் மகிழ்ச்சி என்று பொருள். கொல்லருக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. வேறு சிலரைத் தெபோரா என்று எழுதினார்கள். எபிரேயத்தில் தெபோரா என்றால் தேனீ. அதில் கொஞ்சமாவது பொருத்தம் இருக்கிறது. இன்னும் சிலர் பார்பரா ஆனார்கள். பள்ளியிலும் வேலையிலும் அமெரிக்கக் கப்பலிலும் அபிகெயில், வீட்டிலும் வயலிலும் கொபனிட் என்று இரண்டு பெயர்களோடு கார்க், கெர்ரி மாவட்டங்களில் தலைமுறை தலைமுறையாகப் பெண்கள் வாழ்ந்தார்கள். அபிகெயிலைச் சுருக்கி அபி என்றார்கள். 1901, 1911 ஆண்டுகளின் மக்கள்தொகைக் கணக்கெடுப்புத் தாள்களை அயர்லாந்தின் தேசிய ஆவணக் காப்பகம் இணையத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. உங்கள் மகள் ஓய்வு நேரத்தில் அந்த இரு மாவட்டங்களையும் தேடிப் பார்த்தால் பலவிதமாக எழுதிய கொபனிட்களையும் அபிகளையும் காண்பாள்.

உங்கள் அபி பாட்டியும் அந்த வரிசையில் வந்தவர்தான். வாழ்ந்த பெயர் அபி, வைத்த பெயர் கொபனிட். அவருடைய குடும்பத்தார் இறப்பு அறிவிப்பில் வைத்த பெயரை முன்னே போட்டு, வாழ்ந்த பெயரை அடைப்புக்குறிக்குள் போட்டிருக்கிறார்கள். இரண்டையும் மதித்திருக்கிறார்கள்.

எதிர்த் திசையில் போன ஒருவரையும் சொல்ல வேண்டும். அவரும் உங்கள் மகளைப் போல நர்ஸ். 1861-இல் லண்டனில் மிடில்டன் பிரபு குடும்பத்தில் பிறந்த அல்பினியா ப்ராட்ரிக். செல்வத்தில் வளர்ந்தவர் செவிலியர் பயிற்சி பெற்று, கெர்ரி மாவட்டத்தின் கடற்கரையில் ஏழைகளுக்காக ஒரு மருத்துவமனை கட்ட முனைந்தார். அயர்லாந்தின் விடுதலைக்காக நின்றார். ஐரிஷ் கற்றார். தன் பெயரையும் கொபனிட் என்று மாற்றிக்கொண்டார். 1955-இல் இறக்கும்வரை அவர் கொபனிட்தான். இருந்த பெயரை எத்தனையோ பேர் மறைத்துக்கொண்ட காலத்தில், வெளியிலிருந்து வந்த ஒரு பெண் அதை விரும்பி எடுத்துக்கொண்டார். ஆகவே உங்கள் மகள் செய்ய நினைப்பது அந்த மண்ணில் முன்மாதிரி இல்லாத காரியம் அல்ல.

உங்கள் தயக்கத்துக்கு வருகிறேன். புனிதரின் பெயர் என்பது உண்மை. ஆனால் பெயருக்குள் இருப்பது ஒரு தொழில். அந்தச் சொல் அயர்லாந்தில் கிறிஸ்தவம் வருவதற்கு முன்பே இருந்தது. பழைய ஐரிஷ் தெய்வக் கதைகளில் ஆயுதம் வடிக்கும் கொல்லர் தெய்வத்துக்கும் இதே வேரிலிருந்துதான் பெயர். குழந்தைக்கு வைப்பதால் உங்கள் வீட்டு விளக்கு அணைந்துவிடாது. அதைவிட, உங்கள் மூத்த பேத்திக்குச் சோறூட்டி, காய்ச்சல் இரவில் மடியில் வைத்துக்கொண்ட ஒரு மனுஷியின் பெயர் அது. இதற்கு மேல் அதற்கு என்ன தகுதி வேண்டும்?

கேலி பற்றிச் சம்பந்தி வீட்டார் சொல்வதை நான் தள்ளிவிட மாட்டேன். ஐரிஷ் பேசும் பகுதிகளுக்கு வெளியே இன்று இது அரிய பெயர். அயர்லாந்துக்காரர்களிலேயே பலருக்கு இது பழங்காலப் பாட்டி பெயராகத்தான் படும். ஆங்கிலம் பேசும் பள்ளியில் முதல் மூன்று எழுத்துகளைப் பிடித்துக்கொண்டு யாராவது சிரிக்கக்கூடும். அந்தச் சுமையைத் தாங்க வேண்டியது மகளல்ல, குழந்தை. அதனால் என் யோசனை இது: முதல் பெயர் உங்கள் வீட்டு வழக்கப்படி ஒரு தமிழ்ப் பெயராக இருக்கட்டும், இரண்டாவது பெயராகக் கொபனிட் இருக்கட்டும். வளர்ந்த பிறகு எதை முன்னே வைத்துக்கொள்வது என்று அவளே முடிவு செய்யலாம். அயர்லாந்தில் பிறப்பைப் பதிய மூன்று மாத அவகாசம் உண்டு, அவசரம் வேண்டாம்.

மருமகனிடம் ஒன்றை மட்டும் உறுதியாகச் சொல்லுங்கள்: பதிவு ஏட்டில் அபிகெயில் வேண்டாம். அழகான பெயர்தான், ஆனால் ஓர் அலுவலக எழுத்தர் செய்த மாற்றத்தை நாமும் போய் மறுபடி செய்ய வேண்டியதில்லை. வீட்டில் அபி என்று அழைக்க எந்தத் தடையும் இல்லை. அது நம் வாய்க்கும் சொந்தமான ஒலி. பக்கத்து வீட்டுப் பாட்டியும் அப்படித்தானே வாழ்ந்தார்.

உங்கள் கணவருக்கு உச்சரிப்பு: ‘கோபாலன்’ என்று சொல்லத் தொடங்கி, ‘கோ’வைக் குறுக்கி, ‘ப’வோடு நிறுத்தி, ‘னிட்’ சேர்க்கச் சொல்லுங்கள். அழுத்தம் முதல் எழுத்தில். கடைசி ஒலியில் நாக்கு நுனி மெல்லத் தொட்டு விலகினால் போதும். நான்கு முறை சொன்னால் வந்துவிடும்.

மகளிடம் சொல்ல இரண்டு இடங்கள். ஒன்று, கார்க் பல்கலைக்கழக வளாகத்தில் உள்ள ஹோனன் சிற்றாலயம். 1916-இல் திறந்த அந்தச் சிறிய கோயிலில் ஹாரி கிளார்க் தீட்டிய வண்ணக் கண்ணாடிச் சாளரம் ஒன்றில் கொபனிட் நிற்கிறார். ஆழ்ந்த நீல ஆடை, பக்கவாட்டில் திரும்பிய வெளிறிய முகம், சுற்றிலும் தேனீக்கள், அஞ்சி நடுங்கும் கொள்ளையர்கள். காலை வெயில் இருக்கும்போது போகச் சொல்லுங்கள்.

இரண்டாவது இடம் பாலிவூர்னி. பிப்ரவரி 11 கொபனிட்டின் திருநாள். பதின்மூன்றாம் நூற்றாண்டைச் சேர்ந்ததென்று சொல்லப்படும் அவருடைய சிறிய மரச்சிலை ஒன்று அந்த ஊர்க் கோயிலில் இருக்கிறது. முற்காலத்தில் ஓஹெர்லிஹி என்ற குடும்பத்தார் வழிவழியாக அதைக் காத்துவந்தார்கள். காலத்தால் தேய்ந்து முகம் மழுங்கிப்போன சிலை. திருநாளன்று அதை வெளியே எடுத்து வைப்பார்கள். வருபவர்கள் கையோடு ஒரு ரிப்பன் கொண்டுவருவார்கள். சிலையின் தலை முதல் கால் வரை ரிப்பனை நீட்டிப் பிடிப்பார்கள், பிறகு சிலையைச் சுற்றி ஒரு முறை. ‘கொபனிட்டின் அளவு’ என்று அதற்குப் பெயர். அந்த ரிப்பனைச் சுருட்டி வீட்டுக்குக் கொண்டுபோய் வைத்திருந்து, யாருக்காவது உடம்பு சரியில்லாதபோது எடுத்து அவர்கள் மேல் வைப்பார்கள்.

அபி பாட்டியின் வீட்டு இழுப்பறையிலும் அப்படி ஒரு ரிப்பன் சுருண்டு கிடக்கக்கூடும். அவருடைய பிள்ளைகளிடம் கேட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். இருந்தால், பெயர் வைக்கும் நாளில் கொஞ்ச நேரம் அதைத் தொட்டிலில் கட்டி வைக்கட்டும்.